கோல்கீப்பர் கட்சி மாறினார்

டிவி நிலையத்து ஒப்பனைக்காரம்மா மூன்றாவது முறையாக நெற்றியைத் துடைத்துவிட்டார். கோல்கீப்பருக்கு வியர்வை நின்றபாடில்லை. இத்தனைக்கும் எண்பதாயிரம் பேர் கத்தும் மைதானத்தில் கொட்டாவி விட்ட மனிதர்.

கவலையெல்லாம் அண்ணனைப் பற்றி. அண்ணன் முப்பது வருஷமாகத் தன் கட்சிக்குச் சுவரொட்டி ஒட்டியவர். ஆறு வருஷத்துக்கு முன் சாப்பாட்டு மேஜையில் அந்தக் கட்சியைத் திருட்டுக் கும்பல் என்று, போட்டிக் கட்சியை ஆதரித்த கோல்கீப்பர் சொல்லிவிட்டார். அண்ணன் பாதிச் சாப்பாட்டில் எழுந்து கை கழுவினார். அதோடு பேச்சு நின்றது. பாவம், அன்றிலிருந்து கோல்கீப்பருக்கு எந்தக் கோப்பையும் கோப்பையாகத் தெரியவில்லை. அண்ணன் தவறாமல் பார்க்கும் நிகழ்ச்சி இது. இன்றைக்கு எப்படியாவது சரிக்கட்டிவிட வேண்டும்.

"உங்க அரசியல் என்ன சார்?" என்றார் பேட்டியாளர்.

"எங்க அண்ணன் கட்சிதான் சரின்னு இப்பத் தோணுது."

நேரலை. 'கட்சி மாறினார் கோல்கீப்பர்' என்று திரைக்கு அடியில் எழுத்து ஓட ஆரம்பித்தது.

"அப்ப இத்தனை நாள் நீங்க ஆதரிச்ச கட்சி?"

"அங்கயும் நல்லவங்க இருக்காங்க."

"ஒரு பேர் சொல்லுங்க."

யோசித்தார். நெடுநேரம் யோசித்தார். 'பழைய கட்சியில் நல்லவர் ஒருவருமில்லை' என்று எழுத்து மாறியது.

"எனக்கு அரசியலே தெரியாதுங்க" என்று பதறினார். "அண்ணன் சொன்னா சரியா இருக்கும், அவ்வளவுதான்."

"தேர்தல்ல நில்லுன்னு சொன்னா?"

"நிப்பேன். அவர் எங்கிட்ட ஒரு வார்த்தை பேசினாப் போதும்." குரல் உடைந்துவிட்டது.

'தேர்தலில் போட்டி! கண்ணீர் மல்க அறிவிப்பு!'

வெளியே வந்ததும் மனைவி போனில் கூப்பிட்டாள். "வாசல்ல ரெண்டு கட்சிக்காரங்களும் நிக்கிறாங்க. ஒருத்தர் கையில மாலை, இன்னொருத்தர் கையில கல்லு. பின்பக்கமா வாங்க."

"அண்ணன் கூப்பிட்டாரா?"

"இல்லீங்க."

அவரே எண்ணை அழுத்தினார். ஆறு வருஷமாகியும் விரலுக்கு மறக்கவில்லை. அண்ணிதான் எடுத்தார்.

"அண்ணி, அண்ணன் பார்த்தாரா?"

"பார்த்தாரு தம்பி. பாதியிலயே டிவியை அணைச்சுட்டு உள்ள போய்க் கதவைச் சாத்திக்கிட்டாரு."

"ஏன் அண்ணி? அவர் கட்சியைப் பத்தி நல்லாத்தானே சொன்னேன்?"



"போன வாரம்தான் தம்பி அவர் உங்க கட்சியில போய்ச் சேர்ந்தாரு. அப்பவாவது நீங்க வீட்டுக்கு வருவீங்கன்னு."