ஒற்றைச் செருப்பு மண்டலம்

சக்கர நாற்காலியைத் தள்ளிக்கொண்டு தலைதெறிக்க ஓடினேன். ஆஸ்பத்திரிக்கு அல்ல, ஆஸ்பத்திரியிலிருந்து!

நாற்காலியில் என் அக்கா, வயிற்றைப் பிடித்துக்கொண்டு. அப்பெண்டிக்ஸ். பதினொரு மணிக்கு ஆபரேஷன், வெடித்துவிட்டால் உயிருக்கே ஆபத்து என்று டாக்டர் சொல்லியிருந்தார். இப்போது மணி பத்து.

"டேய், எங்கடா இழுத்துட்டுப் போறீங்க? வலியில உயிர் போகுதுடா!"

"உயிர் போகக்கூடாதுன்னுதான் போறோம்," என்றார் முன்னால் ஓடிக்கொண்டிருந்த அத்தான். "ஒற்றைச் செருப்பு மண்டலம் உன்னைப் பார்க்குதாம். இன்னிக்குக் கத்தி பட்டா அவ்வளவுதான். நட்சத்திரம் பார்த்துச் சொல்ற வானளந்தார் ஐயாகிட்ட ஒரு வார்த்தை கேட்டுட்டு வந்துடலாம்."

அத்தான் பாலம் கட்டும் என்ஜினியர். ஒரு ஆணிக்கு மூன்று முறை அளவெடுப்பவர்.

நான்? வாரப் பத்திரிகையில் பன்னிரண்டு மர்மத் தொடர்கள் எழுதி, எண்பத்து மூன்று கொலைகாரர்களைக் கையும் களவுமாகப் பிடித்தவன். அப்பேர்ப்பட்ட மூளைக்காரன், இடது காலில் செருப்பில்லாமல் தார்ச்சாலையில் நாற்காலி தள்ளிக்கொண்டிருந்தேன்.

இடது கால் விவகாரத்தைச் சொல்லிவிடுகிறேன். ஒற்றைச் செருப்பு என்பது ஏழு நட்சத்திரம். வானத்தில் நடந்துபோன அரக்கன் ஒருவன் இடது செருப்பைத் தொலைத்துவிட்டு இன்னும் தேடுகிறானாம். இடது காலில் செருப்போடு எவன் கண்ணில் பட்டாலும் திருடன் என்று உதைப்பானாம். அதனால் ஊரே இடது செருப்பைக் கழற்றிவிட்டது. கவிஞர்கள் காதலியின் பாதத்தை அதற்கு ஒப்பிட்டார்கள். முடிதிருத்தும் கடைக்கு அதன் பெயரை வைத்தார்கள். பள்ளிக்கூடத்துப் பரீட்சையில் இரண்டு மார்க் கேள்வியாகவே வந்துவிட்டது.

வானளந்தாரின் கூடம் ஒரு பழைய மரக்கிடங்கு. வாசலில் மலை போல இடது செருப்புகள். உள்ளே முந்நூறு பேர், கொக்குக்கூட்டம் மாதிரி விந்திக்கொண்டு. ஜன்னலுக்கெல்லாம் கறுப்புத் துணி. கூரையில் கறுப்புப் பலகை, அதில் ஓட்டை போட்டு நட்சத்திரங்கள். நடுவே செருப்பு வடிவத்தில் ஏழு. கீழே, தரை வரை வெல்வெட் தொங்கும் நாற்காலியில் வானளந்தார்.

அக்காவை அவர் முன்னால் நிறுத்தினோம். கண்ணை மூடினார். ஏழு நட்சத்திரமும் குபீரென்று சிவந்தன.

"ஐயய்யோ!" என்றது கூட்டம். முதல் குரல் என்னுடையது.

"மூன்று நாளுக்குக் கத்தி ஆகாது. செம்புச் செருப்பு ஒன்று வாங்கி வயிற்றில் கட்டுங்கள்."

"யாரைக் கேட்டு என் பேஷன்டைத் தூக்கிட்டு வந்தீங்க?"

வாசலில் ஆபரேஷன் அறை நர்ஸம்மா. மூச்சு வாங்கியது. இரண்டு காலிலும் செருப்பு! கூட்டம் பதறி விலகியது. அவர் எங்களைப் பார்க்கவில்லை. வானளந்தாரின் முழங்காலைப் பார்த்தார்.

"ஐயா, ஒரே ஒரு தடவை. காலை மேல மடிச்சு உட்கார்ந்துட்டு, மறுபடி சிவக்க வைங்க."

"மூட்டு வலிம்மா."

"மயக்க ஊசி போட்டவங்களுக்கு எங்க தசை அசையுதுன்னு பார்க்கிறது என் பொழைப்பு. சிவக்கும்போது உங்க வலது முட்டி அசைஞ்சது."

"ஐயாவையே சந்தேகப்படறியா?" என்று கொதித்தார் அத்தான். "நான் பிடிச்சுக்கறேன் ஐயா. நீங்க காட்டுங்க, இவங்க வாயை அடைச்சுடலாம்!"

சொன்னவர், பக்தியோடு ஐயாவின் இரண்டு காலையும் தூக்கி நாற்காலி மேல் வைத்துப் பிடித்துக்கொண்டார். ஐயா கண்ணை மூடினார். முனகினார். வியர்த்தார். செருப்பு சிவக்கவே இல்லை.

அக்கா வலியோடு காலை நீட்டி, வெல்வெட்டுக்கு அடியில் எதையோ மிதித்தாள். சிவந்தது. மறுபடி மிதித்தாள். அணைந்தது.

"எங்க வீட்டு பாத்ரூம் லைட்டும் இப்படித்தான்," என்றாள். "அதுக்கு நாங்க செருப்பைக் கழட்டறதில்ல."

யாரோ சிரித்தார்கள். ஆனால் வானளந்தார் லேசுப்பட்டவரா?

"விளக்கு என்னுடையது, ஒப்புக்கொள்கிறேன். பாமரனுக்குப் புரியவைக்க ஒரு உபாயம். மண்டலமும் என்னுடையதா? படித்தவர்கள் நடத்தும் பத்திரிகை, விஞ்ஞானப் பக்கத்தில், படத்தோடு போட்டிருக்கிறது!" சட்டம் போட்ட ஒரு காகிதத்தை உயர்த்திக் காட்டினார்.

கூட்டம் தலையாட்டியது. அக்காவின் நாற்காலியைத் திருப்பப் போன அத்தானின் கை நின்றது.

"அதானே. லைட்டு பொய்யா இருக்கலாம், நட்சத்திரம் பொய்யாகுமா? மூணு நாள் பொறுத்துதான் பார்ப்போமே, மச்சான்."

மணி பத்தே முக்கால். அக்காவின் உதடு வெளுத்திருந்தது. அவள் என்னைப் பார்த்தாள். எண்பத்து மூன்று கொலைகாரர்களைப் பிடித்தவன், அத்தானின் கையைப் பிடித்தேன். எண்பத்து நான்காவது ஆள் யாரென்று தெரிந்துவிட்டதே!

"அத்தான்... அது நட்சத்திரம் இல்ல. பெயின்ட்."

"என்னது?"

"ஆறு வருஷம் முன்னாடி எங்க பத்திரிகைல ஓவியர் லீவு. வான வரைபடத்தை நீயே போடுன்னாங்க. கறுப்பு அட்டைல வெள்ளைப் பெயின்டைப் பழைய பல் பிரஷ்ஷால தெறிச்சேன். ஓரத்துல ஏழு சொட்டு பெருசா விழுந்துடுச்சு. ஆசிரியர் 'இது என்னய்யா?'ன்னார். திட்டுவாரேன்னு பயந்து, வாய்க்கு வந்ததைச் சொன்னேன். ஒற்றைச் செருப்பு. 'புராணம் ஏதாவது இருக்கா?'ன்னார். டீ ஆறுறதுக்குள்ள அரக்கனையும் எழுதிக் கொடுத்தேன்."

அத்தான் என்னை அடிக்கவில்லை. நேரமில்லை. நாற்காலியைத் திருப்பிக்கொண்டு பறந்தார்.

பன்னிரண்டு மணிக்கு ஆபரேஷன் அறைக் கதவு திறந்தது. "எடுத்தாச்சு. இன்னும் ஒரு மணி நேரம் விட்டிருந்தா வெடிச்சிருக்கும்," என்றார் நர்ஸம்மா. பிறகு என் காலைப் பார்த்தார்.

"எல்லாம் உங்க கைச்சரக்குதானே? நீங்க எதுக்கு சார் செருப்பைக் கழட்டினீங்க?"

"இத்தனை பேர் நம்பறாங்களே... ஒருவேளை இருக்குமோன்னு."

நான் தெறித்த சொட்டுக்கு நானே செருப்பைக் கழற்றினேன். நீங்கள் எவன் தெறித்த சொட்டுக்குக் கழற்றியிருக்கிறீர்கள்? கொஞ்சம் குனிந்து பாருங்கள்.