பாப்பின்ஜே என்றால் கிளி மட்டும்தானா?

மோகனூர்,
நாமக்கல் மாவட்டம்.

பெருமதிப்பிற்குரிய அகராதி ஆசிரியர் ஐயா அவர்களுக்கு,

மோகனூர் சர்க்கரை ஆலையில் எடைமேடை எழுத்தராக இருந்து ஓய்வுபெற்ற சண்முகவேல் பணிவுடன் எழுதிக்கொள்வது. இங்கு நானும் என் மனைவி தெய்வநாயகியும் நலம். காவிரியில் தண்ணீர் போகிறது. தாங்களும், தங்களோடு உட்கார்ந்து சொற்களுக்குப் பொருள் எழுதும் மற்ற பெரியவர்களும் நலமாக இருப்பீர்கள் என்று நம்புகிறேன். தங்கள் ஆங்கிலம்–தமிழ் அகராதியைப் பல வருடங்களாக வைத்திருக்கிறேன். அதன்மேல் எனக்கு இதுவரை ஒரு குறையும் இருந்ததில்லை. இப்போது ஒன்று இருக்கிறது. அந்தக் குறையால் என் மகளின் கல்யாணம் நின்றுவிடும் போலிருப்பதால்தான் இந்தக் கடிதம்.

என் ஒரே மகள் நர்மதா கால்நடை மருத்துவர். நாமக்கல்லைச் சுற்றி எந்தப் பண்ணையில் ஒரு கோழி தும்மினாலும் இவளைத்தான் கூப்பிடுவார்கள். வரன் திருச்செங்கோட்டில் அமைந்தது. மாப்பிள்ளை கௌதமன் நல்ல பையன். கேட்டதற்குப் பதில் சொல்வார், கேட்காததற்கு வாய் திறக்க மாட்டார். அவருக்கும் சேர்த்துப் பேசுவதற்கு அவருடைய அப்பா முருகானந்தம் இருக்கிறார். ரிக் வண்டி வைத்து மத்தியப் பிரதேசம் வரைக்கும் போய் ஆழ்துளைக் கிணறு போடுகிறவர். பெண் பார்க்க வந்த அன்றே கிளிப்பச்சையில் பட்டுச் சட்டை, சிவப்புக் கரை வேட்டி, நெற்றிக்கு மேல் ஏற்றிவிட்ட கறுப்புக் கண்ணாடி, தெருவுக்கே போதுமான சென்ட். காரிலிருந்து இறங்கும்போது தொடங்கிய பேச்சு, திரும்ப ஏறிக் கதவைச் சாத்தியபோதுதான் நின்றது. எந்தப் பாறைக்குக் கீழே தண்ணீர் இருக்கும், எந்தப் பாறை ஆளை ஏமாற்றும், மத்தியப் பிரதேசத்தில் இவரைப் பார்த்ததும் ஒரு கலெக்டர் எழுந்து நின்றது, எல்லாம் சொன்னார். தங்கமான மனிதர் ஐயா. அது வேண்டும் இது வேண்டும் என்று எங்களிடம் எதுவும் கேட்கவில்லை. கேட்க அவருக்கு நேரமும் இல்லை.

நிச்சயத்துக்கு மோகனூரிலேயே மண்டபம் பிடித்தோம். சம்பந்திக்கு ஆங்கிலத்தில் ஒரு வரவேற்பு மடல் வாசிக்க வேண்டும் என்று எனக்கு ஆசை வந்துவிட்டது. நான் ஓய்வுபெற்ற அன்று ஆலையில் எனக்கு அப்படி ஒன்று வாசித்தார்கள். பாதி புரியவில்லை, ஆனால் அழுகை வந்தது. சம்பந்திக்கும் அப்படி வரட்டுமே என்று நினைத்தேன். “தமிழ்ல வாங்கன்னு கூப்புட்டா வரமாட்டாங்களாமா?” என்று தெய்வநாயகி கேட்டாள். அதைக் காதில் வாங்காமல் எழுத உட்கார்ந்தேன். ‘பாப்புலர்’ என்ற சொல்லுக்கு எழுத்துக்கூட்டுவதில் சந்தேகம் வந்து தங்கள் அகராதியைத் திறந்தேன். பாவாடைத் துணிக்குச் சொல்கிறோமே பாப்ளின், அதற்குச் சற்று மேலே, அதுவரை என் கண்ணில் படாத ஒரு சொல் இருந்தது. பாப்பின்ஜே. பெயர்ச்சொல். பழைய வழக்கு. கிளி. அவ்வளவுதான் ஐயா, அதோடு முற்றுப்புள்ளி.

உடனே அந்தப் பச்சைச் சட்டை என் கண்முன்னால் வந்து நின்றது. மீனாட்சியம்மன் கையில் இருப்பது கிளி. ஆண்டாள் வைத்திருப்பதும் கிளி. கிளி மாதிரி இருக்கிறாய் என்று சொன்னால் நம் பக்கத்தில் யாரும் சண்டைக்கு வருவதில்லை. பேரட் என்று எழுதலாம்தான், ஆனால் அது ஒன்றாம் வகுப்புப் பிள்ளைக்கும் தெரிந்த சொல், சம்பந்திக்குப் போதாது. பழைய வழக்கு என்று தாங்கள் போட்டிருந்ததை நான் குறையாக நினைக்கவில்லை. பழைய அரிசிக்கும் பழைய சம்பந்தத்துக்கும் இருக்கிற மதிப்பு பழைய சொல்லுக்கும் இருக்கும் என்று எண்ணி, ‘எங்கள் அன்புக்குரிய திருச்செங்கோட்டுப் பாப்பின்ஜே அவர்களே’ என்று மடலைத் தொடங்கினேன். அதோடு விட்டேனா? மண்டப வாசலில் சம்பந்தியின் படத்தைப் போட்டு, தலைக்கு மேல் அந்தச் சொல்லை ஆங்கிலப் பெரிய எழுத்தில் அடித்து ஃபிளெக்ஸும் வைத்தேன். நர்மதாவிடம் ஒரு வார்த்தை கேட்டிருக்கலாம். அவள் அன்று வளையப்பட்டியில் ஒரு பண்ணையில் வெள்ளைக்கழிச்சல் நோய் என்று போயிருந்தாள். கோழி உயிருக்குப் போராடும்போது அவளிடம் கிளியைப் பற்றிக் கேட்பது சரியாகப் படவில்லை.

நிச்சயத்தன்று எல்லாம் நன்றாகவே நடந்தது. நான் மடலை வாசித்தேன். சம்பந்தி எழுந்து கைகூப்பி, “ஏனுங்க, அந்த பாப்புங்கறீங்களே, அது என்னங்க?” என்றார். “கிளிங்க சம்பந்தி. பழைய காலத்து இங்கிலீசு” என்றேன். “அட, நம்மளப் பத்திப் பழைய காலத்துலயே எழுதிப்போட்டாங்களா!” என்று சபையைப் பார்த்துச் சிரித்தார். வாசலுக்குப் போய் ஃபிளெக்ஸுக்கு இந்தப் பக்கம் நின்று ஒன்று, அந்தப் பக்கம் நின்று ஒன்று என்று படம் எடுத்து வாட்ஸப்பில் ஸ்டேட்டஸ் வைத்துவிட்டார். தட்டு மாற்றினோம். பந்தி தொடங்கியது.

சம்பந்தியின் தங்கை அறிவுச்செல்வி சேலத்தில் ஒரு கல்லூரியில் ஆங்கிலப் பேராசிரியை. அந்தம்மா வந்து சேரத் தாமதமாகிவிட்டது. வாசலில் ஃபிளெக்ஸைப் பார்த்துவிட்டு நேராகப் பந்திக்கு வந்தார். வரும்போதே சேலைத் தலைப்பு வாயில் இருந்தது. சம்பந்தி விடவில்லை. “என்ன புள்ள சிரிக்கற? எனக்குஞ் சொன்னா நானுஞ் சிரிப்பேனல்லோ?” என்றார். அந்தம்மா, “ஒன்னுமில்லண்ணா, நீ சாப்புடு” என்றார். “சொல்லு புள்ள!” என்று இவர் சத்தம் போட, அந்தம்மா செல்போனை எடுத்துப் பார்த்து, “பகட்டா உடுத்திக்கிட்டு, ஓயாமப் பேசிக்கிட்டு, உள்ள சரக்கில்லாத ஆளைச் சொல்றதுண்ணா” என்றார். சம்பந்தியின் கை சோற்றிலேயே நின்றது. “வேற அர்த்தம் இருக்குதா?” என்றார். “மரத்துல கிளி செஞ்சு, கம்பத்து உச்சில கட்டி, அம்பு உட்டுப் பழகுவாங்க. அதுக்கும் இதுதான் பேரு.” “கிளிங்கறது?” “அதும் இருக்குது. ஆனா அப்படி இப்ப யாருஞ் சொல்றதில்லண்ணா.”

ரசம் ஊற்ற வந்தவர் வாளியோடு அப்படியே நின்றார். அப்போது யாரோ களுக்கென்று சிரித்தார்கள். அது வேறு யாருமில்லை ஐயா, சம்பந்தியம்மாள் மயிலம்மாள்தான். அவர் சிரித்ததும் அந்த வரிசை சிரித்தது, வரிசை சிரித்ததும் பந்தி முழுவதும் சிரித்தது. சம்பந்தி மனைவியை ஒரு பார்வை பார்த்தார். பாயசம் வருவதற்கு முன்பே இலையை மூடிவிட்டு எழுந்தார். கார் வரைக்கும் பின்னாலேயே ஓடினேன். ஒரு வார்த்தை பேசவில்லை. திட்டியிருந்தால் தேவலை. அந்த மனிதர் பேசாமல் போனதைப் பார்த்துத்தான் கல்யாணம் அவ்வளவுதான் என்று எனக்குப் பட்டது.

ஒரு வாரம் அங்கிருந்து ஒரு தகவலும் இல்லை. தெய்வநாயகி என்னைப் பார்க்கும்போதெல்லாம் அகராதியையும் பார்த்தாள். கடைசியில் அகராதியை ஒரு மஞ்சப்பையில் போட்டுக்கொண்டு நர்மதாவோடு திருச்செங்கோட்டுக்குப் பஸ் ஏறினேன். அங்கே போனால் சம்பந்தி கூடத்தில் உட்கார்ந்திருக்கிறார். வெள்ளைச் சட்டை. வாங்க என்றார், அதற்குப் பிறகு சுவரைப் பார்த்தார். டிவிகூட ஓடவில்லை. காப்பி கொண்டுவந்த மயிலம்மாள் என்னிடம் குனிந்து, “ஏனுங்கண்ணா, ஊடு ஊடு மாதிரியே இல்லீங்க. சட்டையெல்லாம் பெட்டில வெச்சுப் பூட்டிப்போட்டாரு. பேசுங்கன்னா, பேசுனா அம்பு உடுவீங்கங்கறாரு. நாஞ் சிரிச்சது தப்புத்தானுங்க. ஆனா இத்தன வருசமா இவுருக்கு ஒரு பேரு வெக்கோணும்னு தேடிட்டிருந்தனுங்க. நீங்க வெச்சதும் அடக்க முடியல” என்றார். சொல்லும்போதே அவருக்குச் சிரிப்பும் வந்தது, கண்ணும் கலங்கியது.

நான் அகராதியைத் திறந்து சம்பந்தி மடியில் வைத்தேன். “பாருங்க சம்பந்தி, கிளின்னுதான் போட்டிருக்குது. ஒத்த வார்த்தை. நானாக் கட்டுனது இல்லீங்க.” அவர் விரல் வைத்துப் படித்துவிட்டு, “அப்பறம் போன் பொய் சொல்லுதுங்களா?” என்றார். “புஸ்தகம் பொய் சொல்லுமுங்களா?” என்றேன். “என்ற ஊட்டுக்காரியே சிரிச்சுப்போட்டா. அது பொய்யிங்களா?” என்றார். அதற்குப் பதில் தங்கள் அகராதியில் இருக்காது ஐயா.

நர்மதாதான் அறிவுச்செல்வியம்மாவுக்குப் போன் போட்டு, எல்லோருக்கும் கேட்கிற மாதிரி வைத்தாள். “அண்ணா, நான் அன்னைக்கி முழுசாச் சொல்லி முடிக்கல, நீ எந்திரிச்சுட்ட. ஆதியில அது பெரிய புகழ்ச்சிண்ணா. கிளிங்கறது அவங்க நாட்டுக்குக் கப்பல்ல வந்த பறவை. ராசா ஊட்டுலதான் வளப்பாங்க. பெரிய மனுசங்களை, சாமியக்கூட அந்தப் பேரச் சொல்லிப் பாடியிருக்காங்க. வரவரக் கிளி பழகிப்போச்சு, சொன்னதையே திருப்பிச் சொல்லுதுன்னு தெரிஞ்சுபோச்சு, அப்பறந்தான் வசவாயிருச்சு. உங்க சம்பந்தி சொன்னது சரியான வார்த்தைதான். ஐநூறு அறுநூறு வருசம் லேட்டாச் சொல்லிட்டாரு, அவ்வளவுதான்” என்றார். சம்பந்தியின் முகத்தில் ஏதோ அசைந்தது. “சாமியக்கூடவா?” என்றார். “ஆமாண்ணா.” நிமிர்ந்து உட்கார்ந்து, “சரிங்க. ஆனா அன்னைக்கிச் சிரிச்சவங்களுக்கு இதெல்லாம் யாரு போய்ச் சொல்றது? இந்தப் புஸ்தகம் போட்டவரு கையால ஒரு கடுதாசி வாங்கியாங்க. கல்யாண மண்டபத்துல மைக்குல படிக்கோணும். அது வந்தாத்தான் தேதி” என்று சொல்லிவிட்டார்.

அப்போது, யாரும் கேட்காமலே மாப்பிள்ளை வாய் திறந்தார். “கடுதாசி வந்தாலும் வராட்டியும் எங்க கல்யாணம் நடக்கும்ப்பா. ரிஜிஸ்டர் ஆபீஸ்ல மைக் கெடையாது.” பஸ்ஸில் திரும்பி வரும்போது நர்மதா, “அப்பா, மாமா கோவத்துல இல்ல, வெக்கத்துல இருக்காரு. அவரு சம்மதம் இல்லாம எனக்கு வேண்டாம், பாத்துக்குங்க” என்று மட்டும் சொன்னாள். பெண் அப்படிச் சொல்கிறாள், மாப்பிள்ளை இப்படிச் சொல்கிறார், நடுவில் நானும் தங்கள் அகராதியும் மாட்டிக்கொண்டிருக்கிறோம்.

ஆகவே தங்களைக் கேட்டுக்கொள்வது இதுதான். அடுத்த பதிப்பில் அந்தச் சொல்லுக்கு எல்லாப் பொருளையும் போடுங்கள். பகட்டு ஆளையும் போடுங்கள், கம்பத்தில் கட்டுகிற கிளியையும் போடுங்கள். மனிதரைப் பார்த்துச் சொன்னால் வசவு என்று எச்சரிக்கையாக ஒரு வரி சேருங்கள். இடம் போதாவிட்டால் பாப்ளினை எடுத்துவிடலாம், அது என்னவென்று எங்களுக்குத் தெரியும். பெண்ணைப் பெற்றவன் எவனாவது நாளைக்கு அதே பக்கத்தைத் திறப்பான், அவனாவது பிழைத்துப் போகட்டும். இன்னொன்று, குறை எங்கள் அகராதியினுடையது, சண்முகவேல் சம்பந்தியை உயர்த்தித்தான் சொன்னார், ஆதியில் அது சாமிக்குச் சொன்ன சொல் என்று தங்கள் கையெழுத்தோடு ஒரு கடிதம் உடனே அனுப்பிவைக்க வேண்டும். மைக்கில் படிப்பதால் எழுத்து கொஞ்சம் பெரிதாக இருந்தால் நல்லது.

இனி எந்தச் சொல்லுக்கும் பொருள் குறையாமல் எழுதும் தெம்பைத் தங்களுக்கும், தங்கள் வீட்டாருக்குச் சகல சுகத்தையும் எங்கள் ஊர்க் காந்தமலை முருகன் கொடுக்கட்டும். தெய்வநாயகியும் தன் வணக்கத்தைச் சொல்லச் சொன்னாள். கோபம் எல்லாம் புத்தகத்தின் மேல்தானாம், தங்கள் மேல் இல்லையாம்.

இப்படிக்கு,
தங்கள் பதிலை எதிர்பார்க்கும்,
மு. சண்முகவேல்

பின்குறிப்பு: கடிதத்தை உறையில் போடும்போது சம்பந்தியே வந்துவிட்டார். விஷயம் என்னவென்றால், அன்றைக்கு அவர் வைத்த ஸ்டேட்டஸை வெளிமாநிலத்து ஏஜெண்டுகள் எல்லாம் பார்த்திருக்கிறார்கள். ஃபிளெக்ஸில் இருந்த சொல்லை அவருடைய புதிய கம்பெனியின் பெயர் என்று நினைத்துக்கொண்டு, பாப்பின்ஜே போர்வெல்ஸ்தானே, எப்போது வண்டி அனுப்புவீர்கள் என்று வரிசையாகப் போன் செய்கிறார்களாம். பெயிண்டரை வரவழைத்து அந்தப் பெயரை ரிக் வண்டி நெற்றியில் எழுதியாகிவிட்டது. தை மாதத்தில் கல்யாணம், தேதி குறித்தாகிவிட்டது. ஆகவே மேலே எழுதிய அனைத்தையும் தள்ளிவிடவும். கடிதம் வேண்டாம். வேறு பொருள் எதுவும் தயவுசெய்து சேர்க்க வேண்டாம், தொழில் கெட்டுவிடும். கிளி என்றே இருக்கட்டும். ‘கிளி’க்கு முன்னால் ‘அழகிய’ என்று ஒரு சொல் போட்டால் புத்தகம் ஒன்றும் கனத்துவிடாது என்று சம்பந்தி பக்கத்தில் நின்று எழுதச் சொல்கிறார்.