சிலி நாட்டுக் கெளுத்தியும் மீசை சாரும்

தஞ்சாவூர் ஜில்லாவில் மீசை சார் அளவுக்கு மீன்களின் வாயைத் திறந்து பார்த்த ஆள் இன்னொருவர் பிறக்கவில்லை. இனிமேல் பிறக்கப்போவதும் இல்லை. இதில் வேடிக்கை என்னவென்றால், அவர் ஒரு துண்டு மீனைக்கூடத் தன் வாயில் வைத்ததில்லை. சுத்த சைவம். வெங்காயம் தின்னவே கிழமை பார்க்கிற குடும்பம். இன்னொரு வேடிக்கை, அவருக்கு மீசையே கிடையாது.

தொண்ணூறுகளின் நடுவில் நான் அந்தக் கல்லூரியில் வணிகவியல் சொல்லிக்கொடுக்கப் போய்ச் சேர்ந்தேன். எங்கள் துறையில் பிள்ளைகள் ஜன்னல் வரைக்கும் வழிந்தார்கள். எனக்கு மேசை போட இடமில்லை. விலங்கியல் துறையில் ஆளே இல்லாததால் இடம் தாராளம். “அங்க போய் உக்காருங்கம்மா” என்று அனுப்பிவிட்டார்கள். மூன்று வருஷம் ஒரு கண்ணாடி ஜாடிப் பாம்பு என்னைப் பார்த்துக்கொண்டிருக்க, நான் மத்தியானச் சோறு தின்றேன். ஜாடிகளுக்கு அந்தப் பக்கம் மீசை சார். எனக்கு அவர் வைத்த பெயர் ‘காமர்ஸ்’.

“ஏம்மா காமர்ஸ், டிப்ளோமிஸ்டிடே கேள்விப்பட்டிருக்கீங்களா?”

இதுதான் அவர் என்னிடம் கேட்ட முதல் கேள்வி. ஊர், பேர், கல்யாணம் ஆச்சா, எதுவும் இல்லை. உலகத்தில் இன்றைக்கு உயிரோடு இருக்கிற கெளுத்தி வகைகளிலேயே ரொம்ப ஆதியானது என்று ஒரு குடும்பத்தைச் சொல்கிறார்களாம்; அதற்குத்தான் அந்தப் பெயராம். நன்னீர் மீன். இருப்பது தென்னமெரிக்காவின் தென்கோடியில், சிலி, அர்ஜென்டினா ஆறுகளில். தஞ்சாவூருக்கும் அதற்கும் என்ன சம்பந்தம் என்று கேட்டால் அவருக்குக் கோபம் வந்துவிடும்.

“நம்ம ஊர்க் கெளுத்திக்கு எட்டு மீசை. இதுக்கு ரெண்டே ரெண்டு. மத்த கெளுத்தியெல்லாம் மேல்தாடை ஓரத்து எலும்புல இருந்த பல்லைத் தொலைச்சிடுச்சும்மா. இது மட்டும் விடாம வச்சிருக்கு. அந்தப் பல்லை ஒரு தடவை கண்ணால பார்த்துட்டா போதும்.”

“பார்த்து என்ன சார் பண்ணப் போறீங்க?”

“ஒண்ணும் பண்ண வேணாம். பார்க்கணும். முப்பது வருஷமா பசங்ககிட்ட பல்லு இருக்கு, பல்லு இருக்குன்னு சொல்லிக்கிட்டிருக்கேன். நான் பார்த்தது புஸ்தகத்துல ஒரு கோட்டுப்படம். நேர்ல பார்க்காத கேசுக்குச் சாட்சி சொல்ற மாதிரி இருக்கும்மா.”

அவர் தவளை நடத்தினாலும் அங்கேதான் போய் முடியும், பட்டாம்பூச்சி நடத்தினாலும் அங்கேதான். எங்கள் முதல்வர் ஓய்வு பெற்ற அன்று இவரை இரண்டு வார்த்தை பேசச் சொன்னார்கள். “முதல்வர் பழைய காலத்து மனிதர். பழையது என்றால் மட்டம் என்று அர்த்தமில்லை. உதாரணத்துக்கு டிப்ளோமிஸ்டிடே குடும்பத்தை எடுத்துக்கொண்டால்...” என்று ஆரம்பித்தார். கழுத்தில் மாலையோடு அந்த மனுஷர், தன் மேல்தாடையையும் மீனின் மேல்தாடையையும் ஒப்பிடுவதை இருபது நிமிஷம் கேட்டுக்கொண்டு உட்கார்ந்திருந்தார். கடைசியில் கைதட்டியதும் அவர்தான், முடிந்ததே என்ற சந்தோஷத்தில்.

ஞாயிற்றுக்கிழமை காலையில் கீழவாசல் மீன் மார்க்கெட்டுக்குப் போனால் சாரைப் பார்க்கலாம். நெற்றியில் விபூதி, சட்டைப்பையில் லென்ஸ். கெளுத்திக் கூடைக்கு முன்னால் குத்தவைத்து ஒவ்வொன்றாக எடுத்து மீசையை எண்ணுவார். எட்டுக்கு ஒன்று குறைந்தாலும் கூடினாலும் நோட்டில் எழுதிக்கொள்வார். அதனால்தான் அந்தப் பெயர். மீன் விற்கிற அம்மா ஒருநாள் பொறுக்கமாட்டாமல் கேட்டுவிட்டாள்.

“ஏன் சாமி, வாங்குறதும் இல்ல, திங்கிறதும் இல்ல. வாராவாரம் வந்து மீசைய எண்ணிட்டுப் போறீங்களே, வோட்டர் லிஸ்டா எடுக்குறீங்க?”

சார் அசரவில்லை. “இதுல ஏழுதாம்மா இருக்கு, பாரு” என்று ஒரு கெளுத்தியைத் தூக்கிக் காட்டினார். “அடப் போங்க சாமி, ஒண்ண நீங்களே புடுங்கியிருப்பீங்க” என்றாள் அவள்.

மேட்டூரில் தண்ணீர் திறப்பதற்கு முன்னால், வாய்க்காலெல்லாம் வற்றிச் சேறாகக் கிடக்கும்போது, பூதலூர் பக்கம் போய்ச் சேற்றில் தேளி மீனைத் தேடுவார்; அதுவும் கெளுத்தி ஜாதிதானாம். தேளி முள் குத்தினால் என்ன ஆகும் என்று பாடம் நடத்துகிற மனுஷர், அதன் வாய்க்குள் விரலை விட்டுக் குத்து வாங்கிக்கொண்டு வந்தார். கை பன் மாதிரி வீங்கியிருந்தது. “அது மேல தப்பில்லம்மா. சொல்லாம கொள்ளாம வாயத் திறந்தா நமக்கே கோவம் வரும்” என்று மீனுக்காக வக்காலத்து வாங்கினார். இப்படிப்பட்டவரோடு என்னதான் பேசுவது, சொல்லுங்கள்.

அந்த வருஷங்களில்தான் எங்கள் பக்கத்துப் பிள்ளைகள் கூட்டம் கூட்டமாக வெளிநாடு கிளம்பினார்கள். பாஸ்போர்ட் வந்தவுடன் மிட்டாய்ப் பெட்டியோடு கல்லூரிக்கு வந்து வாத்தியார்களிடம் சொல்லிக்கொண்டு போவது வழக்கம். மற்றவர்கள் ஆசீர்வாதம் செய்வார்கள். மீசை சார் அந்தத் தாடைப் படத்தின் ஜெராக்ஸ் ஒன்றைக் கொடுப்பார். துபாய் போகிறவனுக்கும் கொடுப்பார், சிங்கப்பூர் போகிறவனுக்கும் கொடுப்பார். குவைத்துக்குப் போன ஒருவன், ‘சார், நீங்க கேட்ட மீன் இங்க இல்ல. மீன் இருக்கட்டும், ஆறே இல்ல’ என்று கடிதம் போட்டான். “பொறுப்பா பதில் போட்டிருக்கான் பாருங்க” என்று என்னிடம் பெருமையாகக் காட்டினார்.

இதற்குள் விலங்கியலுக்கு நாள் குறித்துவிட்டார்கள். மே மாதம் சார் ஓய்வு பெறுகிறார். அத்தோடு அந்தப் பாடத்தை மூடிவிட்டு, அறையில் ஏசி போட்டுக் கம்ப்யூட்டர் வைக்கப்போகிறார்கள். அளவெடுக்க வந்த ஆள் அலமாரியைத் தட்டிப் பார்த்தான். மீன் ஜாடிகளை சார் வம்ச வரிசைப்படி அடுக்கியிருந்தார். கெளுத்திகளுக்கான தட்டில் முதல் இடம் மட்டும் காலி.

“இங்க என்ன சார் இருந்துச்சு?”

“இருந்ததில்ல. வரும்.”

எப்போதும் அடித்துச் சொல்கிறவர், அன்றைக்கு ‘வரும்’ என்றபோது குரல் கொஞ்சம் இறங்கிவிட்டது. எனக்கே பாவமாக இருந்தது. கிண்டல் செய்யத் தோன்றவில்லை.

மார்ச் மாதம் ஒரு கடிதம் வந்தது. ஜமால் எழுதியிருந்தான். வேறு எதிலும் இடம் கிடைக்காமல் விலங்கியல் சேர்ந்து, தட்டுத் தடுமாறித் தேறி, சரக்குக் கப்பலில் சமையற்காரனாகப் போனவன். சிலியில் ஒரு துறைமுகத்தில் கப்பல் பதினோரு நாள் நின்றதாம். ஜெராக்ஸை எடுத்துக்கொண்டு, ஆற்றில் மீன் பிடிக்கிறவர்களிடம் பாஷை தெரியாமல் வாயைத் திறந்து திறந்து காட்டியிருக்கிறான். பல் வலிக்கு வைத்தியம் கேட்கிறான் என்று நினைத்து ஒருவர் அவனுக்குக் கிராம்பு கொடுத்தாராம். கடைசியில் ஒரு கிழவர் சிரித்துக்கொண்டே சாண் நீளத்துக்கு ஒரு மீனைக் கையில் வைத்தாராம். ‘மீசை ரெண்டுதான் சார், எண்ணிட்டேன். கப்பல்ல ஃபார்மலின் கிடையாது. எங்க ஊர் முறைப்படி உப்புப் போட்டுக் காயவச்சிருக்கேன். அடுத்த மாசம் கொண்டு வர்றேன்.’

சார் அந்தக் கடிதத்தைப் பியூனிடம் காட்டினார், வாட்ச்மேனிடம் காட்டினார், கம்ப்யூட்டருக்கு அளவெடுக்க வந்தவனிடமும் காட்டினார். அந்த ஒரு மாதம் அவர் தூங்கினாரா என்று தெரியவில்லை.

ஜமால் ஊருக்கு வந்த மூன்றாம் நாள் ஞாயிற்றுக்கிழமை. “தனியா போக ஒரு மாதிரி இருக்கும்மா, வாங்களேன்” என்று என்னையும் இழுத்துக்கொண்டு கிளம்பினார். பேராவூரணிக்கு ஒரு பஸ், அங்கிருந்து கடற்கரைப் பக்கம் இன்னொரு பஸ். வழியெல்லாம் தென்னந்தோப்பு, சார் ஒன்றையும் பார்க்கவில்லை. மடியில் ஒரு காலி எவர்சில்வர் டப்பா, அதில் பஞ்சு. அதைப் பிடித்துக்கொண்டு உட்கார்ந்திருந்தார்.

வீட்டுக்குப் போனபோது ஜமால் பள்ளிவாசலுக்குத் தொழப் போயிருந்தான். “இப்ப வந்துடுவான் சார், உக்காருங்க” என்று அவன் அப்பா சாரை முன்கூடத்தில் நாற்காலி போட்டு உட்காரவைத்து, ஃபேனை வேகமாகச் சுற்றவிட்டார். ஜமாலின் அம்மா சபுரா பீவி என் கையைப் பிடித்து அடுக்களைக்கு அழைத்துக்கொண்டு போனார்.

“சாருக்குன்னு புதுப் பாத்திரம் வாங்கி, சாம்பாரும் ரெண்டு கூட்டும் தனியா வச்சிருக்கேன்மா. எங்க சட்டி கரண்டி எதுவும் படல. நீங்க மீனு திம்பீங்கள்ல?”

“பட்டுக்கோட்டைக்காரிம்மா நான். கேக்கவே வேணாம்.”

“அப்ப மொதல்ல ருசி பாருங்க. மாங்கா போட்டுக் கருவாட்டு ஆணம்.” குழம்பை அவர்கள் ஆணம் என்பார்கள். தட்டில் சோற்றைப் போட்டு ஊற்றினார். வீட்டுக்கு வந்த முக்கியமான விருந்தாளிக்குத் தலை வைப்பது அங்கே மரியாதை. எலுமிச்சம்பழம் அளவுக்கு ஒரு தலையை எடுத்து நடுவில் வைத்தார். “புள்ள வெளிநாட்டுலேருந்து ஆசயா ஒரே ஒரு கெளுத்திக் கருவாடு கொண்டாந்திருக்கான், பாருங்களேன். நம்ம ஊர்ல கெடைக்காததா! வாசன பட்ட ஒடனே பொட்டியத் தொறந்து கழுவி வச்சுட்டேன்.”

நான் வணிகவியல் வாத்தியார். மண்டையில் அந்த நேரம் எதுவும் ஓடவில்லை. ஆணத்தின் வாசனைதான் ஓடியது. தலையை எடுத்து வாய்க்குக் கொண்டுபோய்விட்டேன்.

அப்போதுதான் முன்கூடத்தில் ஜமாலின் குரல். “உம்மா! பொட்டியில பேப்பர்ல சுத்தி வச்சிருந்தேனே, சாருக்குக் கொண்டாந்த மீனு, எங்கம்மா?”

“ஆணம் வச்சுட்டேன்டா!” என்றார் இவர், சந்தோஷமாக.

நாற்காலி விழுகிற சத்தம். “தலை? தலை எங்க?” என்று ஓர் அலறல். பெண்கள் இருக்கிற அடுக்களைக்குள் அந்நிய ஆண்பிள்ளை காலெடுத்து வைப்பதில்லை என்பது அவருக்கும் தெரியும். எல்லாம் பறந்துவிட்டது. திரையை விலக்கிக்கொண்டு உள்ளே வந்தவர் என்னைப் பார்த்தார். என் பற்களுக்கு நடுவில் அவருடைய முப்பது வருஷம்.

“கடிக்காதேடி!”

என்னை என் அப்பாகூட அப்படி அதட்டியதில்லை. வாயைத் திறந்த வாக்கில் அப்படியே நின்றேன். வெங்காயத்துக்குக் கிழமை பார்க்கிற மனுஷர், என் வாயிலிருந்து அந்தத் தலையை விரலால் எடுத்தார். புளியும் மிளகாயும் முழங்கை வரைக்கும் வழிந்தது. தரையில் சம்மணம் போட்டு உட்கார்ந்து, தண்ணீர் கேட்டு வாங்கிக் கழுவி, லென்ஸை வைத்தார். ஜமாலும் அவன் அப்பாவும் வாசற்படியில். விலகி வந்த சதையை விரல் நுனியால் ஒதுக்கினார். இந்தப் பக்கம் பார்த்தார். அந்தப் பக்கம் பார்த்தார்.

“இருக்கும்மா” என்றார். “பல்லு இருக்கு.”

கண்ணில் நீர் கொட்டியது. குழம்புக் கையால் துடைத்துக்கொண்டதில் மிளகாயும் ஏறிக்கொள்ள, இன்னும் கொட்டியது. “எரியுது, எரியுது” என்று சொல்லிக்கொண்டே சிரித்தார். நானும் அழுதேன்.

ஆனால் சபுரா பீவி சுவரோடு ஒட்டி நின்றார். முக்காட்டை வாயில் அழுத்திக்கொண்டு, “எம்புள்ள எத்தன கடல் தாண்டி, சாருக்குன்னு பொத்திப் பொத்திக் கொண்டாந்தத நான் சட்டியில போட்டுட்டேனே. வாத்தியார் மொகத்துல எப்படி முழிப்பேன்” என்று குலுங்கினார். ஜமால் அம்மாவைத் திட்டுவதா தேற்றுவதா என்று தெரியாமல் நின்றான்.

சார் எழுந்தார். “ஏம்மா அழறீங்க? நாங்க லேப்ல எலும்பு எடுக்கணும்னா என்ன பண்ணுவோம் தெரியுமா? வேகத்தான் வைப்போம். நான் வச்சா ஒண்ணு குழைஞ்சுடும், இல்ல சதை ஒட்டிக்கும். எலும்புல ஒரு கீறல் இல்லாம, ஒரு பல்லு உதிராம, இவ்வளவு பக்குவமா எடுத்தவங்க யாரும் இல்லம்மா. காய்ஞ்சு கருவாடா கிடந்ததுல பல்லைத் தேடியிருந்தா உடைஞ்சே போயிருக்கும்.”

“நெசமாவா சார்?”

“எனக்கு மீனைப் பத்திப் பொய் சொல்ல வராதும்மா.”

அந்த அம்மா முகத்தைத் துடைத்துக்கொண்டு முதல் தடவையாகச் சிரித்தார். பிறகு சார் கைகழுவி, தனிப் பாத்திரச் சாம்பாரை மூன்று தடவை கேட்டு வாங்கிச் சாப்பிட்டார். எனக்கு மிச்ச ஆணம். சிலி நாட்டுக் கெளுத்தி எப்படி இருந்தது என்று கேட்பீர்கள். நம் கெளுத்திதான் நன்றாக இருக்கும். சாரிடம் இதைச் சொல்லவில்லை.

திரும்பி வரும்போது பஸ் முழுக்கக் கருவாட்டு வாசம். “யாருப்பா அது?” என்று கண்டக்டர் மூக்கைப் பொத்திக்கொண்டு தேடினார். சார் டப்பாவை மார்போடு அணைத்துக்கொண்டு, அவரைக் கூப்பிட்டு, மேல்தாடையிலிருந்து பாடத்தை ஆரம்பித்துவிட்டார். பட்டுக்கோட்டை வரைக்கும் கண்டக்டர் வேறு யாருக்கும் டிக்கெட் கிழிக்கவில்லை.

மே மாதம் அவர் போய்விட்டார். அறைக்கு ஏசி வந்தது, அலமாரி வராண்டாவுக்கு வந்தது. ஒருநாள் நின்று பார்த்தேன். சின்னக் கண்ணாடிப் பெட்டியில் பஞ்சின் மேல் அந்தத் தாடை, மஞ்சள்தூள் நிறத்தோடு அப்படியே. வெளுக்க அவருக்கு மனசு வரவில்லை போலிருக்கிறது. கீழே அவருடைய முத்து முத்தான கையெழுத்தில் சீட்டு. ‘குடும்பம்: டிப்ளோமிஸ்டிடே. இடம்: சிலி. கொண்டுவந்தவர்: ஜமால். எலும்பைப் பக்குவம் செய்தவர்: சபுரா பீவி.’ அவ்வளவுதான். அலமாரியில் மற்ற சீட்டுகளிலெல்லாம் இருக்கிற அவர் பெயர் இதில் மட்டும் இல்லை.

பைத்தியக்கார மனுஷர். பையிலிருந்து பேனாவை எடுத்து, அடியில் ‘காத்திருந்தவர்’ என்று போட்டு, அவருடைய முழுப்பெயரை நானே எழுதினேன். அவரை எனக்கு அவ்வளவு பிடிக்கும் என்று அன்றைக்குத்தான் எனக்கே தெரிந்தது.