டாக்டர் பெல்தாமின் கடைவாய்ப் பல்

ஆல்டன்மியர் பேராலயம்,
10 நவம்பர் 1908

கையுறை வணிகத்தின் தூணும் எங்கள் குடும்பத்தின் கூரையுமான ஹொரேஷியோ மாமா அவர்களுக்கு,

தங்கள் தங்கை மகன் ஆஸ்வின் பணிவுடன் எழுதுவது. இங்கு நான் நலம். அங்கு மாமியும் கையுறைகளும் நலமென நம்புகிறேன்.

ஊரார் அறிய ஓர் அறிவிப்பு. இன்று பிற்பகல் இரண்டு மணி பத்து நிமிடத்துக்கு, இப்பேராலயத்தின் ஆர்கன் இசைஞரும் என் ஆசிரியருமான இசையில் பட்டம் பெற்ற டாக்டர் பெல்தாம் அவர்களின் இடது கீழ்க் கடைவாய்ப் பல் இவ்வுலக வாழ்வை நீத்தது.

சிரிக்காதீர்கள் மாமா. மனிதர் எட்டு வயதில் இங்கே பாடகர் குழுவில் சேர்ந்து, பதினான்கில் என்னைப் போலவே மாணவனாகி, இருபத்தேழில் ஆர்கன் பலகையில் உட்கார்ந்தவர், முப்பத்தாறு வருஷமாக எழுந்திருக்கவே இல்லை, ஒரு மாலை ஆராதனையைக்கூட விட்டதில்லை, கல்யாணமே காலை ஆராதனைக்கும் மாலை ஆராதனைக்கும் நடுவில்தான் நடந்தது, "மோதிரம் போடும்போதுகூட ஒரு கண்ணு கடிகாரத்துலதான் இருந்துச்சு" என்று அவர் மனைவி இன்னமும் குத்திக்காட்டுகிறார். அப்பேர்ப்பட்டவர் வீங்கிய கன்னத்தோடு என்னைப் பார்த்து, "நீ போய் வாசிடா" என்றார். அவர் வாய் திறந்தது, எனக்கு வழி திறந்தது.

கிறிஸ்துமஸுக்குள் ஓர் ஆராதனையாவது தனியாக வாசிக்காவிட்டால் உங்கள் கடையில் கையுறை மடிக்க வரவேண்டும் என்பது தங்கள் நிபந்தனை. மடிக்கப் போவதில்லை. நிஜமான விரல் பத்து வைத்திருப்பவனுக்கு விரல் மாதிரி தைத்த தோலோடு என்ன வேலை?

வாசித்தேன் மாமா, மாலை ஆராதனையில் பாடகர் குழு பாடும் வேதாகமச் சங்கீதத்துக்கு. முடிந்ததும் பேராலயத் தலைவர் டீன் அவர்களே மூச்சு வாங்க மாடியேறி வந்தார். "தம்பி, இருபது வருஷமா இங்க சங்கீதம் கேக்கறேன். இன்னைக்குத்தான் ஒவ்வொரு வார்த்தையும் காதுல விழுந்துச்சு. பெல்தாம் வாசிச்சா ஆர்கன் மட்டும்தான் கேக்கும்." ஆர்கனுக்குத் துருத்தி அழுத்திக் காற்று ஏற்றும் கப்பிட் கிழவனும் விடவில்லை: "என்னா லேசான கைப்பா உனக்கு. சங்கீதம் முடியற வரைக்கும் எனக்கு வேர்க்கவே இல்ல."

ஆகவே நிபந்தனை நிறைவேறியது. கடைக்கு வேறு ஆள் பாருங்கள். ஊரில் எல்லோருக்கும் கை குளிரட்டும், தங்கள் கல்லா நிறையட்டும்.

தங்கள் அன்புள்ள,
ஆஸ்வின்

பி.கு.: இதைப் படித்த டாக்டர், "மிச்சத்தையும் எழுது" என்கிறார். எழுதுகிறேன். சங்கீதத்துக்குத் தொடக்கச் சுருதி கொடுத்த குமிழை உள்ளே தள்ளிவிட்டு, வேறு குமிழ்களை இழுக்கப் போன நேரத்தில், தலைக்கு மேலிருக்கும் கண்ணாடியில் பாடகர் தலைவரின் கை உயர்ந்துவிட்டது. பதறி வாசிக்கத் தொடங்கினேன். குமிழ் இழுக்காமல் கட்டையை அழுத்தினால் ஒரு குழலும் ஊதாது. முதல் அடியிலேயே தெரிந்துவிட்டது. ஆனால் அதற்குள் பாடகர்கள் துணையில்லாமல் பாடி அரைச் சுருதி இறங்கிவிட்டார்கள். நடுவில் நான் நுழைந்தால் சுருதி மோதி ஊரே திரும்பிப் பார்த்திருக்கும். எனவே முழுச் சங்கீதத்தையும், ஒரு பிழையும் இல்லாமல், ஓசையும் இல்லாமல் வாசித்து முடித்தேன்.

டாக்டரின் கன்ன வீக்கம் வடியவில்லை, நாளையும் நான்தான். அச்சு அசல் இன்று போலவே வாசிக்க வேண்டுமென்று டீன் ஆள் அனுப்பியிருக்கிறார். கடைக்கு வரமாட்டேன் மாமா, அதில் மாற்றமில்லை. ஆனால் அந்த ஆளுக்கு என்ன பதில் சொல்வதென்றுதான் தெரியவில்லை.