துவாரமில்லாத பெட்டியும் அப்பாவின் பூஜ்ஜியமும்

அன்பும் மரியாதையும் மிக்க அப்பாவுக்கு, மகள் வணக்கத்துடன் எழுதுவது.

இந்த அகால நேரத்தில் உட்கார்ந்து எழுதுவதற்கு முதலில் மன்னித்துக்கொள்ளுங்கள். வாண்டு இப்போதுதான் கண்ணை மூடினான். அவன் விழித்திருக்கும்போது பேனாவை வெளியே எடுக்க முடியாது. எடுத்தால் அது எங்கே போய்ச் சேரும் என்பதுதான் இந்தக் கடிதத்தின் விஷயமே. போனில் சொல்லியிருக்கலாம். ஆனால் போனை எடுப்பது அம்மா, எடுத்ததும் ஸ்பீக்கரில் போடுவதும் அம்மா. அண்ணன் வீட்டுக் கூடத்தில் நாலு பேர் காதில் விழ இதைச் சொல்லும் தைரியம் எனக்கில்லை. திரையைப் பார்க்கக் கூடாது என்றுதான் கண் டாக்டர் சொன்னார், காகிதத்தைப் பற்றி ஒன்றும் சொல்லவில்லை. கறுப்புக் கண்ணாடியைப் போட்டுக்கொண்டு, உட்கார்ந்து படியுங்கள். நின்றுகொண்டு படிக்க வேண்டாம்.

இங்கே நானும் உங்கள் மாப்பிள்ளையும் நலம். வாண்டு தேவைக்கு அதிகமாகவே நலம். சொட்டு மருந்து மூன்று வேளை என்று அம்மா சொன்னால் நம்பாதீர்கள், சீட்டில் நான்கு வேளை என்று இருக்கிறது, நான் படம் எடுத்து வைத்திருக்கிறேன். கண்ணைக் கசக்காதீர்கள். கசக்கவில்லை என்று அம்மாவிடம் பொய் சொல்லவும் செய்யாதீர்கள்.

முக்கியமானதை முதலிலேயே சொல்லிவிடுகிறேன், அப்போதுதான் மீதியை மூச்சு விட்டுப் படிப்பீர்கள். உங்கள் பஸ் பத்திரமாக இருக்கிறது. இரண்டு லட்சத்துப் பதினாலாயிரம் கிலோமீட்டர், விபத்து பூஜ்ஜியம். இன்று சாயங்காலம்கூட என் கண்ணால் பார்த்தேன். அந்தப் பூஜ்ஜியம் உங்களுக்கு என்ன என்று எனக்குத் தெரியாதா? முப்பத்தோரு வருடம் நிஜ பஸ் ஓட்டி முடித்து ஓய்வு பெற்ற நாளில், உங்கள் தாளில் ‘விபத்து: 1’ என்று எழுதிக் கொடுத்தார்கள். டெப்போவுக்குள் நின்றிருந்த மேலாளரின் ஸ்கூட்டர். ஒரு ஈ காக்கைகூடப் பார்க்கவில்லை. நீங்களே உள்ளே போய், “நான்தான் சார் இடிச்சேன்” என்று எழுதிக் கொடுத்துவிட்டு வந்தீர்கள். விபத்தில்லா ஓட்டுநர் பதக்கம் உங்களுக்குப் பின்னால் வரிசையில் நின்றவருக்குப் போயிற்று. “வாயை மூடிக்கிட்டு இருந்திருந்தா இந்தச் சுவத்துல மாட்டியிருக்கலாம்” என்று அம்மா இன்றைக்கும் அந்த வெறும் ஆணியைக் காட்டுகிறாள். அதற்கப்புறம் மாப்பிள்ளை வாங்கிக் கொடுத்த கேம் பெட்டியில், அந்த நீல பஸ்ஸை, தினம் இரண்டு மணி நேரம், ஆறு வருடமாக ஒரு கீறல் இல்லாமல் ஓட்டி வருகிறீர்கள். கண் ஆபரேஷனுக்குக் கிளம்பும்போது நகைப் பெட்டியை அம்மா என்னிடம் ஒப்படைத்தாள், கேம் பெட்டியை நீங்கள் ஒப்படைத்தீர்கள். நகைப் பெட்டி அப்படியே இருக்கிறது.

பிரச்சினை ஆரம்பித்தது நீங்கள் போன மூன்றாம் நாள். பெட்டியின் முன்பக்கத்தில் டிஸ்க் போடும் கீறல் போன்ற வாய் இருக்கிறதல்லவா, அதற்கு வாண்டு சாப்பாடு ஊட்ட ஆரம்பித்தான். ஊட்டுவது என்றால் சும்மா இல்லை, “ஆ காட்டு, ஆ காட்டு” என்று நான் அவனுக்குச் சொல்வதையெல்லாம் அதற்குச் சொல்லி ஊட்டுகிறான். முதலில் ரொட்டியின் ஓரம். அப்புறம் சீஸ் துண்டு. அப்புறம் மாப்பிள்ளையின் ஆபீஸ் அடையாள அட்டை. அன்றைக்கு அவர் வாசல் காவலாளியிடம் தன் பெயரையும் பிரிவையும் சொல்லி, மேலாளர் வந்து ஆள் இவர்தான் என்று சொன்ன பிறகுதான் உள்ளே போனார். கடைசியாக ஒரு சாக்ஸ். இதில் என் கவலை பெட்டியைப் பற்றி அல்ல, மன்னிக்கவும், அவன் விரலைப் பற்றி. உள்ளே சுழல்கிற சாமான் இருக்கிறது, மின்சாரம் இருக்கிறது, பையனுக்குப் பத்தே விரல்தான் இருக்கிறது. நான் மூன்று ராத்திரி தூங்கவில்லை. மாப்பிள்ளை, “டேப் ஒட்டி மூடிடலாமே” என்றார். ஒட்டினோம். டேப்பை உரித்து அதையும் ஊட்டிவிட்டான்.

அப்போதுதான் ஒரு கட்டுரையில் படித்தேன், டிஸ்க் வாயே இல்லாத பெட்டி ஒன்று இப்போது வருகிறதென்று. அப்பா, நான் பட்டப்படிப்பு படித்தவள், முதல் வகுப்பில் தேறியவள், ஒரு பொருளை வாங்கும் முன் நாலு இடத்தில் விசாரிக்கிறவள். இதையும் விசாரித்தேன். கடையில் அந்த வெள்ளைப் பெட்டியைக் கையில் வாங்கி, நாலு பக்கமும் விரலால் தடவிப் பார்த்தேன், தொட்டிலிலிருந்து விழுந்த பிள்ளையின் தலையைத் தடவுகிற மாதிரி. விரல் நுழைய ஒரு துவாரம் இல்லை. எனக்குக் கண் கலங்கிவிட்டது. கடைக்காரர் நல்ல மனிதர்தான், அவர் மேல் தப்புச் சொல்ல மாட்டேன். “ஏற்கெனவே கேம்ஸ் வெச்சிருக்கீங்களா மேடம்?” என்று கேட்டார். “இருபத்தாறு இருக்கு” என்றேன் பெருமையாக. “அப்ப கவலையே இல்ல, உங்க லைப்ரரி மொத்தமும் இதுக்கு வந்துடும்” என்றார். எப்படி வரும் என்று அவரும் சொல்லவில்லை, எதில் வைத்திருக்கிறோம் என்று நானும் சொல்லவில்லை. நான் கேட்டதெல்லாம், “பின்னாடி வயர் மாட்டற ஓட்டைக்குள்ள விரல் போகுமா?” என்பதுதான். “போகாது மேடம்” என்றார். வாங்கிக்கொண்டு வந்துவிட்டோம்.

வீட்டுக்கு வந்து, வயரெல்லாம் மாட்டி, மாப்பிள்ளை உங்கள் மரப்பெட்டியைத் திறந்து, நீங்கள் ‘தடம் எண் 1’ என்று சீட்டு ஒட்டி வைத்திருக்கும் பஸ் டிஸ்க்கை எடுத்து வந்தார். புதுப் பெட்டியை ஒரு சுற்றுச் சுற்றினார். தூக்கிப் பார்த்தார். கவிழ்த்துப் பார்த்தார். புது ஊரில் வீட்டு நம்பர் தேடுகிறவர் மாதிரி டிஸ்க்கை விரலில் மாட்டிக்கொண்டே நின்றார்.

“இதை எங்க போடறது?”

“எங்கயும் போட முடியாது. அதுக்குத்தானே இதை வாங்கினோம்” என்றேன். சொல்லி முடித்த பிறகுதான் நான் என்ன சொன்னேன் என்பது எனக்கே கேட்டது.

அவர் டிஸ்க்கை மரப்பெட்டியிலேயே திருப்பி வைத்தார். திட்டியிருந்தாலாவது சண்டை போட்டிருக்கலாம். சோபாவில் உட்கார்ந்து, “மாமாகிட்ட யார் சொல்றது?” என்றார். வாண்டு புதுப் பெட்டியின் முன்னால் போய் உட்கார்ந்து, “ஆ காட்டு” என்றான். அது காட்டவில்லை. அவ்வளவில் வாங்கிய காரியம் பலித்தது. திருப்பிக் கொடுக்கலாம் என்றால், சீல் உடைத்ததை வாங்க மாட்டார்களாம்.

மறுநாள் காலையிலேயே அவர்கள் உதவி எண்ணுக்குப் பேசினேன். ஒரு பெண், குரலைக் கேட்டால் என் வயதுதான் இருக்கும், பொறுமையாக விளக்கினாள். இணையத்தில் வாங்கிய கேம் என்றால் நம் கணக்கைப் பிடித்துக்கொண்டு தானாக வந்துவிடுமாம். டிஸ்க்கில் இருப்பது டிஸ்க்கோடு சரி. வேண்டுமானால் ஒவ்வொன்றையும் புதிதாக வாங்கிக்கொள்ள வேண்டும். சரி, உங்கள் பட்டியலை எடுத்து வைத்துக்கொண்டு ஒவ்வொன்றாகக் கேட்டேன். தடம் எண் 2, இருக்கிறது. தடம் எண் 3, இருக்கிறது. ஆள்கள் காரணமில்லாமல் அடித்துக்கொள்கிறார்கள் என்று நீங்கள் பத்து நிமிடத்தில் மூடி வைத்தீர்களே, தடம் எண் 9, அது பேஷாக இருக்கிறது. சிக்னல் இல்லாத இடத்திலும் நிறுத்தி இரண்டு பக்கமும் பார்த்து எப்போதும் கடைசியாக வருவீர்களே, அந்தக் கார் பந்தயம், அதுவும் இருக்கிறது. நீங்கள் இப்போதெல்லாம் தொடாத இருபத்தைந்தும் இருக்கிறது. தடம் எண் 1 மட்டும் இல்லை.

“அந்த கேம் விற்பனையிலிருந்து எடுத்துட்டாங்க மேடம்.”

“எங்க வீட்லதான் இருக்கே!”

“உங்க வீட்ல இருக்கு மேடம். எங்க கடையில இல்ல.”

“அப்ப எங்க வீட்ல இருந்து நீங்க எடுத்துக்கிட்டு எங்களுக்கே கொடுங்களேன்.”

“வேற ஏதாவது உதவி வேணுமா மேடம்?” என்றாள். என் பையன் இப்படிச் செய்கிறானே, இது எந்த வயதில் நிற்கும் என்று கேட்டேன். “என் பொண்ணு மூணு வயசுல நிறுத்தினா” என்றாள். அது ஒன்றுதான் அன்றைக்கு எனக்குக் கிடைத்த உருப்படியான தகவல்.

இனி நல்ல செய்தி. பழைய பெட்டியின் வாய்தான் அடைத்திருந்ததே தவிர, மூளை நன்றாகத்தான் இருந்தது. இரண்டு பெட்டியையும் ஒரு கேபிளால் இணைத்து, நீங்கள் ஓட்டிய கணக்கை மட்டும் புதியதற்கு ஒரு பிரதி எடுத்துவிட்டோம். எடுக்கும்போது நாற்பது நிமிடம் நான் ஸ்விட்சுக்குக் காவல் நின்றேன், மாப்பிள்ளை வாண்டுக்குக் காவல் நின்றார். இப்போது புதுப் பெட்டியைப் போட்டால் உங்கள் நீல பஸ்ஸின் சின்னப் படம் வருகிறது, கீழே கிலோமீட்டர், அதற்குக் கீழே பூஜ்ஜியம். ஓட்டத்தான் முடியாது. பஸ் இருக்கிறது, ரோடு இல்லை.

பிரதி எடுத்த தைரியத்தில் பழையதைத் தூக்கிக்கொண்டு மார்க்கெட் தெருவில் ரிப்பேர் அக்காவிடம் போனேன். தையல் மெஷினிலிருந்து கேமரா வரை பார்க்கிறவர். மூடியைத் திறந்து, குறடால் ஒவ்வொன்றாக எடுத்துத் தட்டில் வரிசையாக வைத்தார். அடையாள அட்டை, சாக்ஸ், டேப் சுருள், என் காதுத் தோட்டின் திருகாணி (பக்கத்து வீட்டு வேலைக்கார அம்மாவை நான் மனசுக்குள் சந்தேகப்பட்டுவிட்டேன், நாளைக்கு அவருக்கு ஏதாவது கொடுக்க வேண்டும்), பிறகு சீஸ். “இது சீஸா? நான் உள்ள இருக்கிற பார்ட்டுன்னு நெனச்சேன்” என்றார். டிஸ்க்கைச் சுற்றுகிற மோட்டார் போய்விட்டதாம். இந்த மாடலுக்குப் பார்ட் வருவது குதிரைக் கொம்பு, ஆசை வைக்காதீர்கள் என்று சொல்லிவிட்டார்.

ஆகையால் அப்பா, நிலைமை இதுதான். நீங்கள் அடுத்த வாரம் திரும்பி வரும்போது முன் அறையில் ஒரு வெள்ளைப் பெட்டி இருக்கும். அதில் உங்கள் பஸ் நிற்கும், நகராது. நான் வேண்டுமென்று செய்யவில்லை. விரலுக்குப் பயந்துதான் செய்தேன். உங்கள் மனம் என்ன பாடுபடும் என்று எனக்குத் தெரியும். ஆனால் இப்படி யோசித்துப் பாருங்கள்: நிறுத்திய பஸ் இடிக்காது. அந்தப் பூஜ்ஜியத்தை இனி யாரும், எந்தக் காலத்திலும், தொட முடியாது. ஓய்வு பெறும் நாளில் உங்களுக்குக் கிடைக்காதது இப்போது கிடைத்துவிட்டது என்று வைத்துக்கொள்ளுங்கள். நான் வேண்டுமானால் அந்தத் திரையைப் படம் எடுத்து, சட்டம் போட்டு, அம்மா காட்டும் அந்த ஆணியிலேயே மாட்டிவிடுகிறேன்.

அம்மாவுக்கு என் அன்பு. அண்ணனுக்கும் அண்ணிக்கும் எங்கள் எல்லாருடைய விசாரிப்பையும் சொல்லுங்கள். உங்கள் பேரன் தன் முத்தங்களையும், கவனிக்காமல் விட்டால் இந்தக் கவருக்குள் தன் பல் துலக்கும் பிரஷ்ஷையும் அனுப்புவான். நீங்கள் கண் தெளிந்து, மனம் கோணாமல் வந்து சேர வேண்டும் என்று வேண்டிக்கொள்ளும்,

உங்கள் மகள்

பின்குறிப்பு: மறுநாள் மத்தியானம் எழுதுகிறேன். கவரை ஒட்டப் போகும்போது ரிப்பேர் அக்கா போன் செய்தார். வேறொருவர் பழுதானதென்று போட்டுவிட்டுப் போன பெட்டியிலிருந்து மோட்டார் கிடைத்துவிட்டதாம், மாட்டியாகிவிட்டதாம். ஓடிப்போய் வாங்கி வந்தேன். வேலை செய்கிறது அப்பா! மேலே எழுதியதையெல்லாம் மறந்துவிடுங்கள். “டிஸ்க் போட்டு ஒரு பத்து நிமிஷம் ஓட்டிப் பாத்துடுங்க, சூடானாத்தான் குத்தம் தெரியும்” என்று அந்த அக்காதான் சொன்னார். அதனால் தடம் எண் 1-ஐப் போட்டேன். டெப்போ வந்தது, நீல பஸ் வந்தது. பார்த்துவிட்டு அணைத்துவிடத்தான் நினைத்தேன். ஆனால் நிறுத்தத்தில் ஆள்கள் நின்றுகொண்டிருந்தார்கள், ஒரு அம்மா கையில் குழந்தையோடு. எப்படி விட்டுவிட்டுப் போவது? மூன்று நிறுத்தம் ஓட்டினேன். பதினோரு கிலோமீட்டர். ஒரு பயணிகூடக் குறை சொல்லவில்லை, ஐந்துக்கு ஐந்து கொடுத்தார்கள். திரும்பி வந்து டெப்போவில் பின்னால் எடுக்கும்போது சுவரில் இடித்துவிட்டேன்.

இந்த இடத்தில் ஒரு வரி அடித்திருப்பதைப் பார்த்திருப்பீர்கள். வாண்டு பட்டனை அழுத்திவிட்டான் என்று எழுதியிருந்தேன். அவன் அப்போது தூங்கிக்கொண்டிருந்தான். இடித்தது நான்.

வலது பக்கப் பின் விளக்கு போய்விட்டது. அந்த கேம் எதையும் கேட்காமல் தானே பதிந்துகொள்கிறது. இப்போது விபத்து: 1.

புதுப் பெட்டியில் எடுத்த பிரதி அப்படியே இருக்கிறது. அதைப் பழையதற்குத் திருப்பி ஏற்றினால் மறுபடி பூஜ்ஜியம் ஆகிவிடும், நான் ஓட்டிய பதினோரு கிலோமீட்டரும் போய்விடும், நாற்பது நிமிட வேலை. “ஏத்திடு, யாருக்குத் தெரியப் போகுது” என்கிறார் உங்கள் மாப்பிள்ளை. கேபிளை எடுத்து மேஜைமேல் வைத்திருக்கிறேன், கை வரவில்லை. பஸ் உங்களுடையது. ஏற்றட்டுமா, அப்படியே விடட்டுமா? சீக்கிரம் பதில் போடுங்கள், அப்பா.