சாகாத மதினிக்கு வந்த மாலை

அக்கா, நம்ம பாண்டீஸ்வரி மதினி சாகவில்லை, குத்துக்கல்லாட்டம் இருக்காங்க, அதோட செல்லூர் தறி செட்டே ஹவுஸ்ஃபுல்!

அன்புள்ள கனகலட்சுமி அக்காவுக்கு, விளாங்குடியிலிருந்து தங்கை அஸ்வினி எழுதுவது. இங்கு அனைவரும் நலம், முக்கியமாக மதினி நலம். நீ போனில் அழுத அழுகைக்கு உன் நலத்தைக் கேட்கவே பயமாக இருக்கிறது. கண்ணைத் துடைத்துவிட்டுப் படி.

மதினி நடித்த ‘வேற ஆளு’ படம் உனக்குத் தெரியுமே. முடியைக் கிராப் வெட்டி, மீசை ஒட்டி, கைலி கட்டி, தறி ஓட்டுகிற இளவட்டமாகவே மாறியிருக்கிறார். டீக்கடை பெஞ்சில் கால்மேல் கால் போட்டு உட்காருகிற அந்த ஒரு சீனை எடிட் போட்டுத்தான் என் பேஜே வளர்ந்தது. “பொறந்ததுலருந்து எங்க உசிலம்பட்டியில அதே தெருவுலதான்டி நடக்கேன், ஒருநாளு அந்தப் பெஞ்சுல உக்காந்ததில்ல. மீசையோட உக்காந்தேன், ஒருத்தன் திரும்பிப் பாக்கல. ரெண்டுல எது நான்னு எனக்கே குழப்பமா இருக்கு” என்பார். மதினி சினிமாவுக்குப் போனதிலிருந்து அவர் அப்பா மலையாண்டி மாமா மகளோடு பேச்சை நிறுத்திவிட்டார். அவர் ஒரு தடவை இந்தப் படத்தைப் பார்க்க மாட்டாரா என்பதுதான் மதினிக்கு ஏக்கம்.

போன ஞாயிறு செல்லூர் தறி செட்டில் திரை கட்டிப் படம் போட்டோம், அதற்குப் போஸ்டர் என் டிசைன். ஆர்ட் படம் என்றால் கருப்பு வெள்ளைதானே? பெரிசாக, மீசை இல்லாத மதினி முகம், கீழே ‘நம் பாண்டீஸ்வரி, ஞாயிறு மாலை ஐந்து மணி, செல்லூர் தறி செட், அனைவரும் வாரீர்’. எழுத்து கம்மியாக இருந்தால்தான் கெத்து என்று படத்தின் பேரைக்கூடப் போடவில்லை. மதுரைச் சுவரில் கருப்பு வெள்ளையில் ஒரு முகத்தை ஒட்டினால் ஊர் என்ன நினைக்கும்? எனக்கு உறைக்கவே இல்லக்கா! யாரோ அதைக் கண்ணீர் அஞ்சலின்னு போட்டோ எடுத்து உசிலம்பட்டி வரைக்கும் அனுப்பிவிட்டார்கள்.

ஞாயிற்றுக்கிழமை உசிலம்பட்டியிலிருந்து வேன் வந்து நின்றது. மாலை, கொட்டு, நெஞ்சில் அடித்துக்கொண்டு ரெங்கம்மாள் அத்தை, பின்னால் தலையில் துண்டைப் போட்டுக்கொண்டு மாமா. செட்டு வாசலில் மதினி பருத்திப்பால் குடித்துக்கொண்டு நிற்கிறார்! கொட்டு நின்றுபோனது. மாமா கையைப் பிடித்துப் பார்த்தார், நெற்றியைத் தொட்டுப் பார்த்தார்.

“இருக்கியாடி? ஒரு போனு போட்டு ‘இருக்கேன்’னு சொல்ல மாட்டியா?”

“நீங்கதானப்பா என் நம்பர பிளாக் பண்ணிப் போட்டீக!”

அம்புட்டுதான், மாமா மதினியைக் கட்டிக்கொண்டு அழுதார் பாரு, எனக்கு உசுரே அப்பத்தான் வந்துச்சு. “வந்தது வந்தாச்சு, படத்தப் பாத்துட்டே போவோம்” என்றார் அத்தை. துக்கத்துக்கு வந்த மொத்தக் கூட்டமும் உள்ளே போனது. படம் முடிந்ததும் முதல் ஆளாய் எழுந்து கை தட்டியது மாமா! “புள்ளைன்னா இப்பிடில்ல இருக்கணும்!” என்று செட்டே கேட்கச் சொன்னார். மதினி என் தோளில் சாய்ந்து அழுதுவிட்டார்.

அத்தானுக்கு வணக்கம், பிள்ளைகளுக்கு முத்தம். எல்லாரும் நூறு வயசு இருங்க, கலர் போட்டோவிலேயே இருங்க.

இப்படிக்கு,
அஸ்வினி

பி.கு.: இப்பத்தான் மாமா போன் பண்ணினார். “மருமகளே, பதட்டத்துல கண்ணாடிய வீட்டுலயே விட்டுட்டு வந்துட்டேன். படத்துல நம்ம புள்ள எந்த எடத்துல வருது? சரி, அது கெடக்கட்டும். அந்த மீசக்காரப் பய யாரு? லெச்சணமா இருக்கான், அடக்கமா இருக்கான். நம்ம பாண்டீஸ்வரிக்குப் பேசி முடிச்சிருவமா?” மதினி சிரித்துப் புரையேறிக் கிடக்கிறார். வர்ற ஞாயிறு கப்பலூரில் மறுபடி படம் போடுறோம், மாமா கண்ணாடியோடு வாரார். நீயும் வா, குடும்ப குரூப்பில் எல்லாருக்கும் ஷேர் பண்ணு, எத்தனை பேர் வாரீகன்னு உடனே பதில் போடுங்க. மாப்பிள்ளை யாருன்னு மட்டும் ஒருத்தரும் மூச்சு விடாதீங்க!