சாண் அளந்த மெத்தை

நூலகர் புது மெத்தையின் ஓரத்தில் உட்கார்ந்தார். அடுத்த நொடி தரையில் இருந்தார்.

"பார்த்து உட்காருங்க! ரெண்டு பக்கமும் தொங்குதுன்னு இப்பத்தானே சொன்னேன்" என்றாள் மனைவி.

"சொன்னே. நான் விழுந்த பிறகு சொன்னே."

கட்டிலைவிட மெத்தை பெரிசு. வீட்டில் அளவு நாடா அகப்படாததால் நூலகர் கட்டிலைத் தன் கையால் சாண் போட்டு அளந்து, கணக்கை மச்சினனிடம் சொல்லிக் கடைக்கு அனுப்பினார். அவன் அதே கணக்கைத் தன் கையால் அளந்து வாங்கி வந்தான். நூலகர் குள்ளம். மச்சினனோ எந்த வாசலிலும் தலை குனிந்து நுழைகிற ஆள்.

"பெரிசா இருந்தா நல்லதுதானே மாமா, தாராளமா புரளலாம்" என்றான் மச்சினன்.

"கடையில திருப்பிக் கொடுத்துடேன் தம்பி."

"வாங்க மாட்டாங்க மாமா. உறையைக் கிழிச்சாச்சே."

"யாரு கிழிச்சது?"

"நான்தான். புது மெத்தை வாசனை எனக்கு ரொம்பப் பிடிக்கும்."

நூலகருக்குப் பற்றிக்கொண்டு வந்தது. வாய் மட்டும், "பரவாயில்ல தம்பி" என்றது.

அதுதான் அவர் சாபம். நூலகத்தில் அவர் உதட்டில் விரல் வைத்தால் ஈ கூட யோசித்துத்தான் பறக்கும். வீட்டில் அந்த விரலுக்கு மரியாதை கிடையாது. ஒரு வாரம் தங்கிவிட்டுப் போகிறேன் என்று வந்த மச்சினன், பின்னறையில் ஒத்தைக் கட்டிலைப் போட்டுக்கொண்டு வேலை தேட ஆரம்பித்தான். ஒரு மழைக்காலமும் ஒரு வெயில்காலமும் போய்விட்டன. அவன் போகவில்லை. விடிந்தால் குளியலறையில் பாட்டு, பொழுது சாய்ந்தால் டிவியில் குத்துச்சண்டை. அந்தப் பின்னறையில்தான் ஒரு காலத்தில் நூலகர் கதவைச் சாத்திக்கொண்டு நிம்மதியாகப் படிப்பார்.

போய்விடு என்று சொல்ல முடியுமா? மனைவி முகத்தைத் தூக்கி வைத்துக்கொள்வாள். அதனால், "நான் கிளம்பட்டுமா மாமா?" என்று அவன் பேச்சுக்குக் கேட்கும்போதெல்லாம் இவரும் பேச்சுக்கு, "சேச்சே! நீ போயிட்டா வீடே வெறிச்சோடிப் போயிடும்" என்பார். சொல்லிச் சொல்லி, குரல் தழுதழுக்கவும் பழகியிருந்தார்.

அன்று தரையில் உட்கார்ந்திருந்தபோதுதான் அவர் மூளை வேலை செய்தது. கட்டிலை அகலமாக்க மரம் வேண்டும். மரம் பின்னறையில் இருக்கிறது, ஒத்தைக் கட்டிலாக. அதை அறுத்து இதில் சேர்த்துவிட்டால் மெத்தைக்கும் இடம் ஆச்சு, விருந்தாளிக்குப் படுக்க இடமும் போச்சு. ஒரே கல்லில் இரண்டு மாங்காய்!

மறுநாள் வேலைக்குப் போகிறவர்போலக் கிளம்பி, தெருமுனையில் ஒளிந்து நின்று, அக்காவும் தம்பியும் எங்கோ வெளியே போனதும் வீட்டுக்கு ஓடி வந்தார். துணைக்கு எதிர்வீட்டுத் தையல்காரர். ரம்பம் அவருடையது. கழுத்தில் நாடாவும் இருந்தது.

"எவ்வளவு அகலப்படுத்தணும் சார்?"

"ரெண்டு பக்கமும் அரை அடி."

"அப்ப முக்கால் அடியா வைப்போம். தையலுக்கு விடணும்ல?"

"மரத்துல ஏதுங்க தையல்?"

"விட்டு வெட்டினவன் கெட்டதில்ல சார். லூசா இருந்தா அப்புறம் பிடிச்சுக்கலாம்."

ஒத்தைக் கட்டிலின் பலகைகளை அறுத்துப் பெரிய கட்டிலின் இருபுறமும் ஆணி அடித்தார்கள். மெத்தையைப் போட்டார்கள். இப்போது மெத்தை சிறிசு. இரண்டு பக்கமும் வாய்க்கால் வெட்டினதுபோல இடைவெளி.

"இப்பப் பிடிங்க பார்ப்போம்" என்றார் நூலகர்.

"மரத்தை எப்படி சார் பிடிக்கிறது?" என்று தையல்காரர் கொஞ்சமும் கூச்சமில்லாமல் கேட்டார்.

இடைவெளியை அடைக்க ஒத்தைக் கட்டிலின் தலைமாட்டுப் பலகையையும் பிளக்க வேண்டியதாயிற்று. அடைத்து முடித்து, தையல்காரர் ஓரத்தில் உட்கார்ந்ததும் கட்டில் ஒருபக்கமாகச் சாய்ந்தது. புதிதாக ஒட்டிய பக்கங்களுக்குக் கால் இல்லையே!

"நாலு தடிப் புத்தகம் கொடுங்க சார், முட்டுக் கொடுத்துடலாம்."

நூலகர் நெஞ்சைப் பிடித்துக்கொண்டார். "புத்தகத்தையா? அதுக்கு என் தலையை வைங்க!"

"தலை ஒண்ணுதானே சார் இருக்கு? நாலு வேணுமே."

ஆக, ஒத்தைக் கட்டிலின் நாலு கால்களும் போய்ச் சேர்ந்தன. கட்டில் இப்போது யானை ஏறினாலும் அசையாது. ஆனால் சாண் ஏறினால் முழம் சறுக்கும் என்பது சும்மாவா? மரத்தூள் வெளியே போகாமல் சாத்தி வைத்திருந்த அறைக்கதவை உள்ளே இழுத்தால், அது கட்டிலில் இடித்து நின்றது. ஒல்லியான நூலகர் இடுக்கு வழியாக நெளிந்து வெளியே வந்துவிட்டார். தையல்காரரின் தொப்பை வரவில்லை.

"சார், வீட்டுல சாப்பிடக் காத்துக்கிட்டு இருப்பாங்க" என்று உள்ளேயிருந்து பரிதாபமாகக் குரல் வந்தது.

"மூச்சை இழுத்துப் பிடிங்க!"

"பிடிச்சுக்கிட்டுத்தான் சார் பேசறேன்!"

கடைசியில் தையல்காரரே உள்ளிருந்து கீல்களைக் கழற்ற, கதவு மொத்தமாகப் பெயர்ந்து வந்தது. அதைச் சுவரோரம் சாத்திவிட்டு, ரம்பத்தைக்கூட எடுக்காமல் அவர் சாப்பாட்டுக்கு ஓடினார். படுக்கையறைக்குக் கதவு இல்லை. அதனால் என்ன? மூன்றாவது ஆள் இல்லாத வீட்டில் கதவு எதற்கு என்று நூலகர் சமாதானம் சொல்லிக்கொண்டார்.

பின்னறையைப் பெருக்கினார். கட்டில் போன இடத்தில் தன் நாற்காலியைப் போட்டு உட்கார்ந்து பார்த்தார். ஜன்னல் வழியாக வெயில் மடியில் விழுந்தது. பாட்டு இல்லை, குத்துச்சண்டை இல்லை. சந்தோஷத்தில் அவருக்குக் கண்ணே கலங்கிவிட்டது.

பிறகு எழுந்து, தையல்காரரிடம் திருப்பித் தர ரம்பத்தைக் கையில் எடுத்துக்கொண்டே, சாயங்காலம் பேசவேண்டியதை ஒத்திகை பார்த்தார்.

"அடடா, தம்பி! உனக்குப் படுக்க இடமில்லாமப் போச்சே. உன்னைத் தரையில படுக்கவைக்க எனக்கு மனசு வரலைப்பா. வேற ரூம் பார்த்துக்கிறியா?" தழுதழுப்பு கச்சிதமாக வந்தது. இன்னொரு முறை சொல்லிப் பார்க்கலாம் என்று வாயைத் திறந்தபோது, வாசலில் ஒரு சின்ன லாரி வந்து நின்றது.

லாரி ஓட்டுநர் கையில் ஒரு சாவியோடு படியேறி வந்தார். பனியனும், தலையெல்லாம் மரத்தூளும், கையில் ரம்பமுமாக நின்றவரை மேலும் கீழும் பார்த்தார்.

"யாரு, ஆசாரியா? சாவி கொடுத்து அனுப்பினாங்க, கதவு திறந்தே கிடக்குதே! வீட்டுக்காரர் வேலைக்குப் போயிட்டாரில்ல?" என்று குரலைத் தாழ்த்திக் கேட்டார்.

"போயிட்டாரு, போயிட்டாரு" என்றார் நூலகர், விஷயத்தைக் கறந்துவிடும் ஆசையில். "ஏன், என்ன சங்கதி?"

"நல்லதாப் போச்சு. இந்த வீட்டுத் தம்பிக்கு வேலை கிடைச்சு, தனியா ரூமும் பார்த்துட்டாரு. மாமாவுக்குத் தெரிஞ்சா அழுதே தடுத்துடுவாராம், அதான் அக்காவும் தம்பியும் சத்தமில்லாம அங்க போய் ரூமைக் கழுவிக்கிட்டு இருக்காங்க. படுக்க ஒண்ணுமில்லாம எப்படிக் குடி போறது? இங்க ஒத்தைக் கட்டில் ஒண்ணு இருக்காமே, அதை ஏத்திட்டா ஆள் இன்னைக்கே போயிடுவாரு. வாங்க ஆசாரி, ஒரு கை பிடிங்க. எங்க இருக்கு அந்தக் கட்டில்?"